தன்ராஜ் மாஸ்டர்

சென்னைத் திரையிசைக் கலைஞர்களுக்கு மேலையிசையின் எழுத்து முறையான ஸ்டாஃப் நொட்டேஷனைப் படிக்கவும் எழுதவும் கற்றுக்கொடுத்த ஆசிரியர். மயிலாப்பூர் சாயி லாட்ஜில் இருந்த இவரது அறைதான் பள்ளி. இளையராஜா, ஏ. ஆர். ரஹ்மான், வித்யாசாகர் ஆகியோர் இவரிடம் பயின்றவர்கள். தன் ஊரான பண்ணைப்புரத்திலிருந்து ஆர்மோனியமும் செவியறிவுமாக வந்த இளையராஜா மேலையிசை இலக்கணத்தை இவரிடம் முறையாகக் கற்றார். ‘அன்னக்கிளி’ (1976) முதல் இசையமைத்த அவர், வாத்தியத்தைத் தொடாமலே இசைக்குழு முழுமைக்கும் தாளில் எழுதிவிடுவார். வயலின், செல்லோ, புல்லாங்குழல், பேஸ் கிடார் என ஒவ்வொன்றுக்கும் தனிப் பிரதி. இந்தச் சாதனையின் வேரில் நிற்கும் ஆசிரியரைப் பற்றி இவ்வளவு குறைவாக எழுதப்பட்டிருப்பது வருத்தத்துக்குரியது.

இப்படி எல்லாவற்றையும் தாளில் எழுதக் கற்றவர் பிரேசிலின் பொஸ்ஸா நோவா இசையைக் கையில் எடுத்தால் வேறு வகைத் தாளைச் சந்திப்பார். அதில் பெரும்பாலும் மெட்டும் கார்டு (chord) பெயர்களும் மட்டுமே இருக்கும். 1958இல் பிரேசில் பாடகர் ஜொவாவ் ஜில்பெர்ட்டோ பதிவுசெய்த கிடார் நடை அதில் இராது: பெருவிரல் கீழ்ச்சுரத்தில் சீராக நடக்க, மற்ற விரல்கள் கார்டை அடிக்குச் சற்று முன்பே எடுக்கும். சபாக்களில், தாளத்துக்கு முன்பே பாட்டு தொடங்கும் அதீத எடுப்பைக் கேட்டுப் பழகிய காது இதை விரைவில் பிடித்துக்கொள்ளும். பிரேசில் பதிப்புகள் பொஸ்ஸா நோவாவை இரண்டு அடித் தாளத்தில் எழுத, அமெரிக்கப் பதிப்புகள் பெரும்பாலும் நான்கு அடியில் அச்சிடுகின்றன.