எஸ் 72.0: எலும்புக்குக் கிடைத்த எண்

அப்பத்தாவின் டிஸ்சார்ஜ் சீட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. அவள் பெயரைவிடத் தெளிவாக அதில் எஸ் 72.0 என்று எழுதியிருக்கிறது. 'இடுப்பெலும்பு ஒடிஞ்சுபோச்சு' என்றுதான் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தோம். ஒடிந்தது இடுப்பு அல்ல; தொடை எலும்பின் தலைக்குக் கீழே ஒடுங்கிச் செல்லும் கழுத்து. உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டில், பத்தாவது திருத்தத்தின்படி, தொடை எலும்பு முறிவு எஸ் 72. கழுத்து என்றால் .0, அதற்குக் கீழுள்ள புடைப்புகளை ஒட்டி முறிந்தால்.1, இன்னும் கீழே.2, நடுத்தண்டு.3, முழங்காலை ஒட்டிய முனை.4.

இந்தத் துல்லியத்தை நான் கேலி செய்யவில்லை. ஆஸ்ட்லி கூப்பர் 1822இல் லண்டனில் வெளியிட்ட நூலில், மூட்டுறைக்கு உள்ளே முறிவது வேறு, வெளியே முறிவது வேறு என்று பிரித்துக் காட்டினார். உள்ளே முறிந்தால் ரத்த ஓட்டம் கெட்டு எலும்பு கூடுவது அரிது. பிரித்துப் பெயரிட்ட பிறகே சிகிச்சைகளும் பிரிந்தன. அதே கூப்பர், வயதான பெண்களுக்கே இது அதிகம் நேர்கிறது, நடைபாதை விளிம்பில் கால் வழுக்கினாலே போதும் என்றும் எழுதினார். எலும்பையும் தெருவையும் சேர்த்து எழுத முடிந்த காலம் அது. பிறகு தெரு எங்கே போனது என்பதுதான் என் கேள்வி.

இந்த எண்களின் பூர்வீகம் மருத்துவமனை அல்ல, சாவுப் பதிவேடு. இங்கிலாந்தின் பதிவாளர் அலுவலகத்தில் சாவுகளைத் தொகுத்துக்கொண்டிருந்த வில்லியம் ஃபார், 1839இல் வெளியான முதல் அறிக்கையில் 63 பேரைப் பட்டினிச் சாவு என்ற தலைப்பில் போட்டார். ஏழைகள் சட்ட ஆணையத்தின் செயலாளர் எட்வின் சாட்விக் கொதித்துப்போனார். 1834இன் புதிய சட்டம் அமலில் இருக்கும்போது ஒருவர் பசியால் சாவதாவது! அவையெல்லாம் நோய்ச் சாவுகள் என்றார். பசி நேரடியாகக் கொல்வது அபூர்வம், நோய் வழியாகத்தான் கொல்லும் என்பது ஃபாரின் பதில். தலைப்பு மாறினால் குற்றவாளி மாறிவிடுவான் என்பது இரண்டு பேருக்குமே தெரிந்திருந்தது. வகைப்பாடு பற்றிய பேச்சை வெறும் நிர்வாகப் பேச்சாக எடுத்துக்கொள்ளும் நம் தோழர்கள் இந்தச் சண்டையைக் கொஞ்சம் நின்று பார்க்கலாம்.

1893இல் ஜாக் பெர்டியோன் சாவுக் காரணங்களின் பட்டியலொன்றைத் தந்தார். அது திருத்தம் திருத்தமாக வளர்ந்தது. 1948இன் ஆறாவது திருத்தத்தில் உயிரோடிருப்பவர்களின் நோய்களும் உள்ளே வந்தன. காயத்துக்கு அதில் இரண்டு வரிசைகள்: உடம்பில் நேர்ந்தது என்ன என்பதற்கு ஒன்று, அது எதனால் நேர்ந்தது என்பதற்கு ஒன்று. எலும்பு ஒரு பக்கம், வழுக்கல் மறுபக்கம். பத்தாவது திருத்தத்தில் வழுக்கி விழுந்ததற்கு டபிள்யூ 01. விழுந்த இடத்துக்கும் இலக்கம் உண்டு. வீடு என்றால் 0. என்ன செய்துகொண்டிருந்தபோது என்பதற்கும் உண்டு: கூலிக்கான வேலை 2, சமையல், கூட்டிப் பெருக்குதல், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளுதல் எல்லாம் 'பிற வேலை', 3. விடிகாலையில் அங்கணத்தில் பாத்திரம் துலக்கப்போன அப்பத்தாவுக்கு 0உம் 3உம் காத்திருந்தன. பட்டியல் அவளை மறக்கவில்லை என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். சீட்டில் அதை எழுத ஆளில்லை, அவ்வளவுதான்.

ஏன் இல்லை? எலும்பின் எண்ணுக்குப் பணம் வரும், விழுந்ததன் எண்ணுக்கு வராது. இது தெளிவாகத் தெரிந்த இடம் அமெரிக்கா. 1983இல் முதியோருக்கான மெடிகேர் காப்பீடு, நோயாளி எத்தனை நாள் படுத்திருந்தார் என்று பார்ப்பதை விட்டுவிட்டு, நோயறிதல் குழுவுக்கு இவ்வளவு என்று முன்கூட்டியே தொகை கட்டியது. அங்கே அப்போது ஒன்பதாவது திருத்தம். தொடை எலும்புக் கழுத்துக்கு 820. எண்ணுவதற்கு வந்த எண் விலைச்சீட்டாயிற்று. சீக்கிரம் அனுப்பினால் மருத்துவமனைக்கு லாபம். இண்டியானாபொலிஸ் நகர மருத்துவமனை ஒன்றில் இந்த முறிவோடு வந்த முதியவர்களைப் பற்றி 1988இல் ஓர் ஆய்வு வெளியானது. சராசரியாக 21.9 நாள் தங்கியவர்கள் மாற்றத்துக்குப் பின் 12.6 நாளில் வெளியே வந்தார்கள். ஓராண்டு கழிந்தும் முதியோர் காப்பகத்திலேயே கிடந்தவர்கள் 9 சதவீதத்திலிருந்து 33 ஆனார்கள். நடக்கப் பழக்குவதற்கான நாட்களைத்தான் வெட்டியிருக்கிறார்கள். ஆஸ்பத்திரிக் கணக்கில் இது சிக்கனம்.

எங்கள் ஊர் ஆஸ்பத்திரியிலும் காப்பீட்டுக் கவுண்டரில் கேட்டது எண்ணைத்தான். ஆறாம் நாள் அனுப்பிவிட்டார்கள். படுக்கைப் புண், நெஞ்சுச் சளி. ஆறு வாரம் கழித்துத் திரும்ப அதே வார்டு, அங்கேயே சாவு. பதிவாளருக்குப் போன படிவம் 4இன் நகலைப் பிறகு பார்த்தேன். காரணம்: இருதயமும் சுவாசமும் நின்றது. (யாருக்குத்தான் நிற்காது? சாகும் விதத்தைக் காரணமாக எழுதக் கூடாது என்று உலக சுகாதார நிறுவனமே சொல்கிறது.) 'இயற்கை' என்பதில் குறி. காயத்தால் வந்த சாவென்றால், விதிப்படி அடிப்படைக் காரணம் எலும்பு அல்ல, விழுந்ததுதான். அந்தப் படிவத்தில் 'காயம் எப்படி நேர்ந்தது' என்றொரு கேள்வி இருக்கிறது. அது காலியாக இருந்தது. ஃபாரின் 63 பேருக்காவது சண்டைபோட ஒரு குமாஸ்தா இருந்தார்.

முதல் நாள் வார்டில் அவள் இதற்கு பதில் சொல்லித்தான் இருந்தாள். யாரும் கேட்காமலே, பக்கத்தில் நின்ற பயிற்சி மருத்துவரிடம்: "அங்கணத்துல பாசி புடிச்சுக் கெடக்கு, கொஞ்சம் சிமெண்ட் பூசி விடுங்கடான்னு போன மாசமே சொன்னேன் தம்பி, ஒருத்தன் காதுல வாங்கல." அவர் தலையாட்டிவிட்டு எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். காதில் வாங்காதவர்களில் நானும் ஒருவன், கட்டில் ஓரத்தில் நின்றுகொண்டிருந்தேன்.