பதினாறு பைட்டுப் பாயிரம்

தொண்ணூறுகளின் நடுவில் பாரிவாக்கத்தில், எங்கள் தெருவில் ஒரு வீட்டில் மட்டுமே ‘டிவி கேம்’ இருந்தது. மஞ்சள் நிறக் கேசட்டை வாயால் ஊதிச் செருகினால் மாரியோ ஓடத் தொடங்குவான். அந்தப் பெட்டி, 1983இல் ஜப்பானில் நிண்டெண்டோ வெளியிட்ட ஃபேமிகாமின் நகல் என்பதைப் பல ஆண்டுகள் கழித்தே அறிந்தேன்.

அந்த விளையாட்டுகள் இன்று கணினிக் கோப்புகளாக வாழ்கின்றன. பழைய கருவியைப்போல் இயங்கிக்காட்டும் மென்பொருளை எமுலேட்டர் என்கிறோம். 1996இல் மராத் ஃபைசுல்லின் தம் ஐநெஸ் எமுலேட்டருக்கு வகுத்த கோப்பு வடிவமே இன்றும் வழக்கில் இருக்கிறது. மாரியோவின் நிரல் 32 கிலோபைட்டு, படங்கள் 8 கிலோபைட்டு. இவற்றுக்கு முன்னால், நூலுக்குப் பாயிரம்போல், 16 பைட்டு முகப்பு.

பாயிரம் எதற்கு? ஃபேமிகாமின் செயலி ஒரே சமயத்தில் 32 கிலோபைட்டு நிரலையே காண முடியும். ஆகவே பெரிய விளையாட்டுகளின் கேசட்டுக்குள் பக்கம் புரட்டும் தனிச் சுற்று இருந்தது. அது பல வகைப்பட்டது. எந்த வகை என்பதை முகப்பிலுள்ள மேப்பர் எண் சொல்கிறது. அது பிழைத்தால், ஓர் எழுத்தும் குறையாத பிரதிகூட ஓடாது.

அப்படியும் நேர்ந்தது. முகப்பின் கடைசி 9 பைட்டுகள் தொடக்கத்தில் வெற்றிடமாக இருந்தன. படியெடுக்கப்பட்ட பல கோப்புகளில் அவ்விடத்தில் ‘டிஸ்க்டியூட்!’ என்ற ஒன்பது ஆங்கிலக் குறிகள் பொறிக்கப்பட்டிருந்தன. பின்னர் அதன் முதல் பைட்டு மேப்பர் எண்ணின் மேற்பாதிக்கு ஒதுக்கப்பட்டபோது, ‘டி’ என்ற எழுத்து அந்த எண்ணில் 64ஐக் கூட்டிவிட்டது! ஏடெழுதியவரின் குறிப்பு மூலத்தில் கலந்துவிடும் கதை நமக்குப் புதிதன்று. 1887இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்த உ.வே.சாமிநாதையர் பல ஏடுகளை ஒப்பிட்டே பாடம் தேர்ந்தார். இங்கும் ஆர்வலர்கள் அவ்வாறே முகப்புகளைத் திருத்தினார்கள். 2006இல் வந்த நெஸ் 2.0, அதே 16 பைட்டுக்குள் மேப்பர் எண்களுக்கான இடத்தை 256இலிருந்து 4096 ஆக விரித்தது.

நம் கேசட்டுகளின் நிலை வேறு. ‘9999 இன் 1’ என்று அச்சிட்டிருக்கும். உள்ளே சில விளையாட்டுகளே தொடங்கும் கட்டம் மட்டும் மாறித் திரும்பத் திரும்ப வரும். இவற்றின் சுற்றுகளுக்கு ஆவணம் கிடையாது. சில்லின்மேல் பெயர்கூட இராது, கருப்புப் பிசின் பொட்டு மட்டுமே. பிரித்து ஆராய்ந்துதான் மேப்பரைக் கண்டறிய வேண்டும். கள்ளப் பிரதிதானே என்று இவற்றை ஒதுக்கிவிட முடியாது. நம்மில் ஒரு தலைமுறை விளையாடிய பாடபேதம் இதுவே.

எங்கள் தெருவின் கேசட் என்றோ காயலான் கடைக்குப் போய்விட்டது. உங்கள் வீட்டுப் பரணில் ஒன்று கிடந்தால், எடைக்குப் போடுமுன் ஒருமுறை யோசியுங்கள்.