தனிநாயக அடிகளும் விரிவாகும் ஆளுமையும்

தன் மொழிமீது ஒருவன் கொள்ளும் பற்று, பிறமொழியாளர்பாற் கொள்ளவேண்டிய அன்பைக் குறைக்குமோ, வளர்க்குமோ என்பது இலங்கைத் தமிழர் வரலாற்றில் மீண்டும் மீண்டும் எழுந்த அறவினாவாகும். அதற்குத் தம் எழுத்தாலும் வாழ்வாலும் விடை பகர்ந்தவர் கத்தோலிக்கக் குருவாகிய சேவியர் தனிநாயக அடிகள்.

அடிகள் 1913ஆம் ஆண்டு ஆகத்து 2ஆம் நாள் ஊர்காவற்றுறையைச் சார்ந்த கரம்பொன்னிற் பிறந்தார். ஊர்காவற்றுறைப் புனித அந்தோனியார் கல்லூரியிலும், யாழ்ப்பாணம் புனித பத்திரிசியார் கல்லூரியிலும் பயின்றபின், உரோமாபுரியில் இறையியல் கற்று, 1938இல் குருத்துவம் ஏற்றார். பன்மொழி பயின்றவராயினும், தமிழிலக்கியத்தை அவர் முறையாகக் கற்றது அதன் பின்னரேயாம். 1940 முதல் தமிழகத்து வடக்கன்குளத்தில் ஆசிரியராயிருந்த காலத்திற் பண்டிதர் குருசாமி சுப்பிரமணிய ஐயரிடம் பாடங்கேட்டார். 1945இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் புகுந்தார். கத்தோலிக்கக் குரு ஒருவர் சைவச் சூழலிற் சங்க நூல்களையும் திருக்குறளையும் கற்ற இக்கல்வியே அவர் சிந்தனைக்கு அடிப்படையாயிற்று.

அச்சிந்தனையை அவர் ‘விரிவாகும் ஆளுமை’ என்னும் தொடரால் விளக்கினார். மனிதன் தன்னலமென்னும் சிறு வட்டத்துள் நில்லாது, இல்லம், சுற்றம், ஊர், நாடு எனப் படிப்படியாய் விரிந்து, உலகமனைத்தையும் தன் அன்பினுள் அடக்குதலே ஆளுமையின் நிறைவு என்பது அதன் சாரம். அன்புடைமையை இல்லறவியலிலும், அருளுடைமையைத் துறவறவியலிலும் வள்ளுவர் வைத்த முறை இக்கருத்துக்கு அரண் செய்கின்றது. கணியன் பூங்குன்றனாரின் புறப்பாட்டினையும், மாந்தர் யாவரையும் ஓருலகத்துக் குடிகளெனக் கொண்ட உரோமை ஸ்தோயிக்க அறிஞரின் கொள்கையினையும் அடிகள் ஒப்பவைத்து நோக்கினார்.

விரிதல் என்பது, விட்டு வந்த வட்டத்தை மறத்தலன்று. 1956இல் சிங்களம் மட்டுமே அரசகரும மொழியாக்கப்பட்டபோது, தமிழின் உரிமைக்காக அடிகள் வாதிட்டார். 1952இல் அவர் தொடங்கிய ‘தமிழ்க் கல்ச்சர்’ என்னும் ஆங்கிலச் சஞ்சிகையோ தமிழின் செல்வத்தைப் பிறமொழி அறிஞர்க்கு எடுத்துரைத்தது. உரிமை கோரலும் உறவு நாடலும் அவரிடத்தில் ஒரே அறத்தின் இரு கூறுகளாயின.

1964இல் புதுதில்லியில் உலகத் தமிழாராய்ச்சி மன்றம் தோன்ற முன்னின்றார். 1966இல் கோலாலம்பூரில் முதல் மாநாட்டினை நடாத்தினார். 1974இல் யாழ்ப்பாணத்தில் நிகழ்ந்த நான்காம் மாநாட்டின் இறுதிநாளிலோ, காவற்றுறையினரின் தலையீட்டினால் உயிரிழப்பு நேர்ந்தது. உலகினை ஒன்றுகூட்டிய அவையின் வாயிலிலேயே குறுகிய வட்டத்தின் கொடுமையும் வந்து நின்றது.

அடிகள் 1980ஆம் ஆண்டு செப்டெம்பர் 1ஆம் நாள் மறைந்தார். தாய்மொழியை உலகின் எதிரே எழுப்பிய மதிலாகக் கொள்ளாது, உலகை நோக்கித் திறந்த வாயிலாகக் கொள்க என்பதே அவர் வாழ்வு புகட்டும் நெறியாகும்.