ஒகாவா ஷின்சுகேயின் ஆவணப்படங்களில் உழவும் காலமும்

ஜப்பானிய ஆவணப்பட வரலாற்றில் ஒகாவா ஷின்சுகேயின் இடம் பெரும்பாலும் சன்ரிசுகா உழவர் போராட்டத்தைக் கொண்டே மதிப்பிடப்படுகிறது. டோக்கியோவுக்கு அருகில் நரித்தா விமான நிலையம் அமைக்க அரசு 1966இல் முடிவெடுத்தது. நிலம் இழக்கவிருந்த உழவர்களோடு தங்கி, ஒகாவாவின் குழு 1968 முதல் 1977 வரை ஏழு படங்களை எடுத்தது. கலகத் தடுப்புக் காவலர்களை உழவர் நின்ற பக்கத்திலிருந்தே அப்படங்கள் கண்டன. அவற்றின் வீரியம் மறுக்கவியலாதது. எனினும், ஊரகத்தைப் பதிவுசெய்யும் முறையில் ஒகாவா நிகழ்த்திய பெருமாற்றம் போராட்டக் களத்திற்கு வெளியேதான் முழுமை பெற்றது.

அதன் தொடக்கம் 1973இல் வெளிவந்த 'ஹெத்தா கிராமம்' என்னும் படத்திலேயே தென்படுகிறது. மோதல் பின்னுக்குச் செல்ல, ஊராரின் நீண்ட உரையாடல்கள் முன்னுக்கு வந்தன. எழுபதுகளின் நடுவில், உழவரும் கவிஞருமான கிமுரா மிச்சியோவின் அழைப்பை ஏற்றுக் குழுவினர் யமகத்தா மாவட்டத்து மகினோ கிராமத்தில் குடியேறினர். பத்தாண்டுகளுக்கும் மேலாக அங்கு வாழ்ந்து, தாமே நடவு செய்து அறுவடை செய்தனர். நெல்லை அறியாதவர் நெல் விளைவிப்போரைப் படமாக்க இயலாது என்பதே இதன் உட்கிடை.

இவ்வறிவு படத்தின் கட்டமைப்பையே மாற்றியது. 1982இல் வெளிவந்த 'ஜப்பான் நாடு: ஃபுருயாஷிகி கிராமம்' அருகிலிருந்த மலைச் சிற்றூரைப் பற்றியது. அங்கு எஞ்சியிருந்தவை எட்டே குடும்பங்கள். படத்தின் முற்பகுதி, 1980ஆம் ஆண்டின் குளிர்க்கோடையில் கதிர்கள் பதராகிப் போனதற்குக் காரணம் தேடுகிறது. குளிர்காற்று மலையிறங்கி வயலில் படியும் விதத்தைக் குழுவினர் மலையின் மாதிரி ஒன்றைச் செய்து, அதன்மேல் புகையைத் தவழவிட்டு விளக்குகின்றனர். அதன் பின்னரே முதியோர் கரிமூட்டம், போர் முதலியவை குறித்துப் பேசத் தொடங்குகின்றனர். இவ்வரிசை தற்செயலானதன்று. பயிரின் துயரைப் பொறுமையாகக் கேட்டவரிடமே மனிதர் தம் துயரைச் சொல்கின்றனர். எட்டு வீடுகளுக்கு முன் ஒரு நாட்டின் பெயரை வைத்த தலைப்பும் கருதத்தக்கது. இப்படம் 1984இல் பெர்லின் விழாவில் பன்னாட்டுத் திரைப்பட விமர்சகர் கூட்டமைப்பின் விருதைப் பெற்றது. அடுத்து வந்த மகினோ படத்தில் நெற்பூவின் மகரந்தச் சேர்க்கையும் ஊரின் பழங்கதைகளும் தொல்லியல் அகழ்வும் ஒரே தொடர்ச்சியில் இணைகின்றன. பழங்கதைகளில் ஊர் மக்களே வேடம் தாங்கி நடித்துள்ளனர்.

இந்நீண்ட காலத்திற்கு விலை உண்டு. ஒகாவாவைப் போற்றும் எழுத்துகள் அதனை எளிதில் கடந்துவிடுகின்றன. குழுவினர் முறையான ஊதியமின்றிக் கூட்டுவாழ்க்கை நடத்தினர்; கடனும் பெருகியது. சமையல் முதலிய அன்றாடப் பணிகளின் சுமை பெண்கள்மீதே மிகுதியாக விழுந்தது. ஒகாவா 1992இல் மறைந்த பின், அமெரிக்க இயக்குநர் பார்பரா ஹேமர் 2000ஆம் ஆண்டில் எடுத்த ஆவணப்படத்தில் முன்னாள் உறுப்பினர்கள் இவற்றை வெளிப்படையாகப் பேசினர்.