ஜாவர் சீதாராமன்

ஜாவர் சீதாராமன் தமிழ்த் திரைப்பட நடிகரும் திரைக்கதை, உரையாடல் ஆசிரியரும் புதின எழுத்தாளரும் ஆவார். 1950களிலும் 1960களிலும் குணச்சித்திர வேடங்களில் நடித்தார். பெரிதும் காவல் அதிகாரி, படைத்தளபதி, பூதம் போன்ற துணை வேடங்களையே ஏற்றதால், அவர் நடித்த படங்கள் நினைவில் நின்ற அளவிற்கு அவருடைய பெயர் பரவலாக அறியப்படவில்லை.

பெயர்க் காரணம்

பிரெஞ்சு எழுத்தாளர் விக்டர் ஹியூகோ 1862 இல் வெளியிட்ட 'லே மிசெராப்ள்' என்னும் புதினத்தைக் கவியோகி சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு' என்னும் பெயரில் தமிழாக்கினார். இவர் திருவண்ணாமலையில் ரமண மகரிஷியிடம் சில காலம் தங்கியவர். மகரிஷியின் வரலாற்றை 'ஸ்ரீ ரமண விஜயம்' என்னும் நூலாக எழுதியவர்.

இக்கதையைக் கோவை பட்சிராஜா நிறுவனம் 1950 இல் அதே பெயரில் திரைப்படமாக்கியது. கே. ராம்நாத் இயக்கிய இப்படத்தில் சிறை மீண்ட கந்தனாக வி. நாகையா நடித்தார். அவரை விடாது துரத்தும் காவல் அதிகாரி ஜாவராகச் சீதாராமன் நடித்தார். சட்டத்தைத் தவிர வேறெதையும் அறியாத அவ்வேடம் பெரிதும் பேசப்பட்டதால், பாத்திரத்தின் பெயரே அவருக்கு முன்னொட்டாக நிலைத்துவிட்டது. கதையில் கதாநாயகனுக்குப் பகையாக நிற்கும் ஒரு பாத்திரத்தின் பெயரை நடிகர் ஒருவர் வாழ்நாள் முழுவதும் தாங்கியது தமிழ்த் திரையுலகில் அரிதான நிகழ்வாகும்.

அந்த நாள்

1954 ஏப்ரல் 13 அன்று வெளிவந்த 'அந்த நாள்' ஏவி. எம். தயாரிப்பில் எஸ். பாலசந்தர் இயக்கிய மர்மப்படம் ஆகும். பாடல், நடனம், சண்டைக் காட்சி எதுவும் இல்லாத முதல் தமிழ்ப்படம் இதுவே. இதன் திரைக்கதை, உரையாடலைச் சீதாராமன் எழுதினார். துப்பறியும் அதிகாரி சிவானந்தம் வேடத்தையும் தாமே ஏற்றார்.

இரண்டாம் உலகப் போரின்போது சென்னையில் ஜப்பானியர் குண்டு வீசிய 1943 ஆம் ஆண்டில் கதை நிகழ்கிறது. வானொலிப் பொறியாளர் ராஜன் (சிவாஜி கணேசன்) சுட்டுக் கொல்லப்படுகிறார். ஐயத்திற்கு உரியோர் ஒவ்வொருவரும் தத்தம் கோணத்தில் நடந்ததைக் கூறுகின்றனர். இம்முறை அகிரா குரோசாவாவின் 'ராசோமோன்' (1950) படத்தை நினைவூட்டுவது. முரண்படும் இக்கூற்றுகளை இணைக்கும் இழையாக அமைவது சிவானந்தத்தின் அமைதியான விசாரணையே. படம் வணிக அடிப்படையில் வெற்றி பெறவில்லை. எனினும் தேசிய விருதுகளில் நற்சான்றிதழ் பெற்றது. பிற்காலத்தில் தமிழின் முதன்மையான குற்றப்படங்களுள் ஒன்றாக மதிப்பிடப்பட்டது.

பிற வேடங்கள்

பி. ஆர். பந்துலு இயக்கிய 'வீரபாண்டிய கட்டபொம்மன்' (1959) படத்தில் பாஞ்சாலங்குறிச்சி மீது படையெடுத்த பானர்மேனாக நடித்தார். ஜாக்சன் துரையாக நடித்த சி. ஆர். பார்த்திபன் அளவிற்கு இவ்வேடம் பேசப்படவில்லை.

எம். வி. ராமன் இயக்கிய 'பட்டணத்தில் பூதம்' (1967) நகைச்சுவை கலந்த மாயாஜாலப் படமாகும். இது 'தி பிராஸ் பாட்டில்' (1964) என்னும் ஆங்கிலப் படத்தைத் தழுவியது. ஜெய்சங்கரும் நாகேஷும் ஏற்ற இளைஞர் பாத்திரங்கள் மூவாயிரம் ஆண்டுகள் அடைபட்டிருந்த பூதத்தை விடுவிக்கின்றன. 'ஜீபூம்பா' என்னும் அப்பூதமாக நடித்ததோடு படத்தின் எழுத்துப் பணியையும் சீதாராமனே ஏற்றார். கண்டிப்பான அதிகாரியாகவே அறியப்பட்டவர், ஏவலுக்குக் கட்டுப்பட்ட பூதமாகச் சிறுவர்களைச் சிரிக்க வைத்தார்.

எழுத்துப் பணி

நடிப்பைக் காட்டிலும் எழுத்திலேயே அவர் மிகுதியாகச் செயல்பட்டார். கமல்ஹாசன் குழந்தை நட்சத்திரமாக அறிமுகமான 'களத்தூர் கண்ணம்மா' அவர் எழுதிய படங்களுள் ஒன்று. குமுதம் இதழில் வெளிவந்த தொடர்கதைகளும் அவருக்குப் பெரும் வாசகர் கூட்டத்தைத் தேடித் தந்தன. மர்மப் படங்களில் கையாண்ட திகிலையும் திருப்பங்களையும் அவர் புதினங்களிலும் காணலாம்.

எழுத்தில் பங்காற்றிய சில திரைப்படங்கள்

* அந்த நாள் (1954)
* களத்தூர் கண்ணம்மா (1960)
* ஆலயமணி (1962)
* ஆனந்த ஜோதி (1963)
* குழந்தையும் தெய்வமும் (1965)
* ராமு (1966)
* பட்டணத்தில் பூதம் (1967)
* உயர்ந்த மனிதன் (1968)

புதினங்கள்

* மின்னல் மழை மோகினி
* உடல் பொருள் ஆனந்தி
* பணம் பெண் பாசம்
* நானே நான்