ஃபிரிட்ஸ் பொலார்ட்

ஃபிரிட்ஸ் பொலார்ட் (ஜனவரி 27, 1894 - மே 11, 1986) ஐக்கிய அமெரிக்காவைச் சேர்ந்த அமெரிக்கக் காற்பந்து வீரரும் பயிற்றுனரும் ஆவார். இவரது முழுப்பெயர் ஃபிரெடெரிக் டக்ளஸ் பொலார்ட் என்பதாகும். அடிமை முறை ஒழிப்புக்காகப் போராடிய ஃபிரெடெரிக் டக்ளஸின் நினைவாக இப்பெயர் இடப்பட்டது. தேசியக் காற்பந்துக் கூட்டமைப்பின் (என்.எஃப்.எல்.) முதல் கறுப்பினத் தலைமைப் பயிற்றுனர் இவரே. இவருக்குப் பின் மற்றொரு கறுப்பினத்தவர் அப்பதவிக்கு வர 68 ஆண்டுகள் ஆயின.

இளமையும் கல்லூரி ஆட்டமும்

பொலார்ட் சிகாகோ நகரில் பிறந்தார். பின்னர் ரோட் தீவு மாநிலத்திலுள்ள பிரவுன் பல்கலைக்கழகத்தில் பயின்றார். அமெரிக்கக் காற்பந்து, நீள்வட்ட வடிவப் பந்தைக் கையில் ஏந்தி எதிரணியின் எல்லை நோக்கி ஓடும் ஆட்டமாகும். எதிரணியினர் ஓடுபவரை மடக்கி வீழ்த்துவர். சுமார் 175 செ.மீ. உயரமும் 75 கி.கி. எடையும் கொண்ட பொலார்ட், உடல் வலிமையை விட வேகத்தையும் திடீரெனத் திசை மாறும் திறனையுமே நம்பி ஆடினார்.

1916 ஜனவரி 1 அன்று நடைபெற்ற ரோஸ் போல் போட்டியில் இவர் பங்கேற்றார். அப்போட்டியில் ஆடிய முதல் கறுப்பின வீரர் இவராவார். அதே ஆண்டின் பிற்பகுதியில், யேல், ஹார்வர்டு ஆகிய இரு பல்கலைக்கழக அணிகளையும் ஒரே பருவத்தில் பிரவுன் அணி வென்றதில் இவருக்குப் பெரும் பங்கு உண்டு.

தொழில்முறை ஆட்டம்

1919இல் ஒகையோ மாநிலத்தின் அக்ரன் நகர அணியில் பொலார்ட் சேர்ந்தார். மறு ஆண்டு அமெரிக்கத் தொழில்முறைக் காற்பந்துச் சங்கம் உருவாக்கப்பட்டது. இதுவே 1922இல் தேசியக் காற்பந்துக் கூட்டமைப்பு எனப் பெயர் மாற்றம் பெற்றது. 1920ஆம் ஆண்டுப் பருவத்தில் ஒரு தோல்வியும் காணாத அக்ரன் புரோஸ் அணி, 8 வெற்றி, 3 சமநிலையுடன் முதல் வாகையர் பட்டத்தைப் பெற்றது. அப்பருவத்தில் ஆடிய கறுப்பின வீரர்கள் பொலார்டும் பாபி மார்ஷலும் மட்டுமே.

இனப்பாகுபாடு களத்திலும் வெளியிலும் தொடர்ந்தது. எதிரணியினர் தன் மேல் குவிந்து காயப்படுத்துவதைத் தவிர்க்க, கீழே விழுந்ததும் மல்லாந்து, ஆணிக் காலணி அணிந்த கால்களை மேலே உயர்த்திக்கொள்வது இவரது வழக்கமாக இருந்தது. அக்ரனில் ஆடத் தொடங்கிய நாட்களில் அணி உரிமையாளரின் சுருட்டுக் கடையில் சீருடை அணிந்து மைதானத்துக்குச் சென்றதாக இவர் பின்னாளில் நினைவுகூர்ந்தார்.

1921இல் எல்ஜி டோபினுடன் இணைந்து அக்ரன் அணியின் தலைமைப் பயிற்றுனராகப் பொறுப்பேற்றார், ஆடவும் செய்தார். பின்னர் பாடகராகவும் நடிகராகவும் புகழ்பெற்ற பால் ராப்சன் அப்போது இவருடன் ஆடினார். மில்வாக்கி, ஹாமண்ட், புராவிடன்ஸ் அணிகளிலும் ஆடிய பொலார்ட், 1926இல் கூட்டமைப்பை விட்டு நீங்கினார்.

வெளியேற்றமும் அங்கீகாரமும்

1934 முதல் 1945 வரை கூட்டமைப்பின் எந்த அணியிலும் கறுப்பின வீரர் ஒருவர்கூட இடம்பெறவில்லை. எழுதப்பட்ட தடை எதுவும் இல்லாதபோதும் கதவுகள் மூடியே இருந்தன. இக்காலத்துக்குச் சற்று முன்பும் இக்காலத்திலும், கறுப்பின வீரர்களைக் கொண்ட அணிகளைச் சிகாகோவிலும் நியூயார்க்கிலும் பொலார்ட் நடத்தினார். 1946இல் கென்னி வாஷிங்டன், வுடி ஸ்ட்ரோட் ஆகியோர் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணியில் சேர்ந்ததுடன் இந்நிலை மாறியது. ஆயினும் தலைமைப் பயிற்றுனர் பதவிக்கு அடுத்த கறுப்பினத்தவராக ஆர்ட் ஷெல் 1989இல்தான் வந்தார். அதைக் காண பொலார்ட் உயிருடன் இல்லை.

கல்லூரிக் காற்பந்துப் புகழ் மண்டபத்தில் 1954இல் இடம்பெற்ற இவர், தொழில்முறைக் காற்பந்துப் புகழ் மண்டபத்தில் மறைவுக்குப் பின் 2005இல் சேர்க்கப்பட்டார். பயிற்றுனர், நிருவாகப் பதவிகளில் சம வாய்ப்புக் கோரி 2003இல் தொடங்கப்பட்ட அமைப்புக்கு இவரது பெயரே சூட்டப்பட்டது. இவரது மகன் ஃபிரிட்ஸ் பொலார்ட் இளையவர், 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் 110 மீட்டர் தடை ஓட்டத்தில் வெண்கலப் பதக்கம் வென்றார்.