கோதையும் கோதாவும்: ஒரு பெண்பாற் பெயரின் இருமொழி வரலாறு

1. பெயர் வழங்கும் நிலம்

கோதை, கோதா, ஆண்டாள் என்னும் மூன்றும் தமிழரும் தெலுங்கரும் தம் பெண்மக்கட்கு இன்றளவும் இட்டு வழங்கும் பெயர்கள். மூன்றும் திருவில்லிபுத்தூரில் தோன்றிய ஒருவரையே நினைந்து இடப்படுவன. இவற்றுள் ஆண்டாள் என்பது ஆள் என்னும் வினையடியாகப் பிறந்த தமிழ்ப்பெயர் என்பதில் ஐயமில்லை. கோதா என்பதோ வடமொழி வடிவினது. அதனால் கோதை என்பதும் அவ்வடசொல்லின் தமிழ்த் திரிபே என்று கொள்வார் உளர். அக்கொள்கை பொருந்துமா என ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வாராய்ச்சிக்குத் திருவில்லிபுத்தூரோடு அதன் அண்மையிலுள்ள இராசபாளையத்தையும் சேர்த்து நோக்குதல் நன்று. விசயநகர, நாயக்கர் காலங்களில் ஆந்திர நாட்டினின்றும் தெற்கே வந்து குடியேறிய ராஜுக்கள் மரபினர் இராசபாளையத்தில் மிக்கு வாழ்கின்றனர். அவர்தம் இல்லமொழி தெலுங்கு. தமிழகத்தில் கோதை எனப்படுபவர் தெலுங்கு நாட்டில் கோதாதேவி என்றே வழிபடப்படுகிறார். மார்கழியில் ஆங்குள்ள வைணவக் கோயில்களிலும் திருப்பாவை ஓதப்பெறுகிறது. போகித் திருநாளில் கோதா கல்யாணம் நிகழ்கிறது. ஆகவே, ஒரே பெயரின் இருவேறு வடிவங்களையும் பேணும் இரு மொழியினர் அடுத்தடுத்து வாழும் நிலம் இது எனலாம்.

2. இலக்கணம் எழுப்பும் ஐயம்

ஆகார ஈற்று வடசொற்கள் தமிழில் ஐகார ஈறாகத் திரியும் என்பது நன்னூலார் காட்டும் விதி. சீதா சீதை எனவும், கங்கா கங்கை எனவும் வருதல் யாவரும் அறிந்தது. வடமொழியின் ககர வருக்க எழுத்துகள் நான்கும் தமிழில் ககரம் ஒன்றாலேயே எழுதப்படும். எனவே, கோதா கோதை ஆயிற்று என்பாரை ஒலியியல்பு ஒன்றுகொண்டே மறுத்தல் இயலாது.

அவர்க்குத் துணையாவது வேறொரு சான்றும் உண்டு. திருப்பாவையின் 30ஆம் பாசுரத்தும், 143 பாசுரங்களால் இயன்ற நாச்சியார் திருமொழியின் பதிகமுடிவுகள் பலவற்றும், பாடியவர் தம்மைக் கோதை என்றே கூறிக்கொள்கிறார். ஆண்டாள் என்று யாண்டும் கூறினாரல்லர். அப்பதிகமுடிவுகளில் தந்தையாரின் பெயர் விட்டுசித்தன் என வரும். விஷ்ணுசித்தர் என்னும் வடமொழிப் பெயர் தமிழ் மரபிற்கேற்ப அவ்வாறு ஆயிற்று. தந்தையின் பெயரைத் தமிழ்ப்படுத்தியவர், கோதா என்னும் தம் பெயரையும் கோதை எனத் தமிழ்ப்படுத்தினார் எனலாகாதோ என்பது வினா. இதற்கு விடை கூறவேண்டின், அவர்க்கு முற்பட்ட ஆட்சியை நாடவேண்டும்.

3. பழைய ஆட்சி

ஆண்டாளின் காலம் கி.பி. எட்டு, ஒன்பதாம் நூற்றாண்டுகளை ஒட்டியது என்பர் ஆராய்ச்சியாளர் பலர். கோதை என்னும் சொல்லோ சங்க இலக்கியத்திலேயே மாலை, மகளிர் கூந்தல் முதலிய பொருள்களில் பயில்கிறது. கோத்தல் என்னும் வினையோடும் கோவை என்னும் பெயரோடும் அதனை உறவுபடுத்துதல் பொருந்தும், கோக்கப்பட்டது கோதை. மாலையைக் குறித்த சொல் அதனை அணியும் மகளைக் குறித்தல் ஆகுபெயர்.

ஈண்டு உற்றுநோக்கற்பாலது, கோதை ஆண்பாற் பெயராகவும் நின்றமை. சேரமான் கோக்கோதைமார்பன், கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதை என்போர் புறநானூற்றால் அறியப்படுவர். அந்நூலின் 48ஆம் பாட்டில் பொய்கையார், மன்னன் மார்பில் கிடக்கும் மாலையையும் மகளிர் அணியும் மாலையையும் மன்னன் பெயரையும் கோதை என்னும் ஒரு சொல்லாலேயே குறிக்கிறார். கரூரிற் கிடைத்த பழஞ்சேரர் காசுகளிலும் மாக்கோதை, குட்டுவன் கோதை என்னும் பெயர்கள் தமிழ்ப் பிராமி எழுத்திற் பொறிக்கப்பட்டுள்ளன. பிற்காலச் சேரருள்ளும் கோதை இரவி என்பான் ஒருவன் உளன்.

கோதா என்பது வடமொழியிற் பெண்பாற் சொல். அது சேர மன்னர்க்கு இயற்பெயராயிற்று எனல் பொருந்தாது. ஆகவே கோதை என்னும் பெயர், ஆண்டாளுக்குப் பன்னூறாண்டு முன்னரே தமிழில் வேரூன்றியது என்க.

கோதை என்பதற்கு உடும்பு என்னும் பொருளையும் தமிழ் அகராதிகள் தரும். அது கோதா என ஒலிக்கும் மற்றொரு வடசொல்லின் திரிபு. அச்சொல்லின் தகரம் மூச்சொலி கூடிய நான்காம் எழுத்து. ஆண்டாளின் பெயரைக் குறிக்கும் வடிவில் உள்ளது மூன்றாம் எழுத்து. தமிழ் எழுத்தில் இரண்டும் ஒன்றாகத் தோன்றுதலால் மயங்குதல் கூடாது.

4. வடமொழியிற் கூறப்படும் பொருள்கள்

கோ என்னும் வடசொல் ஆ, நிலம், சொல், ஒளி எனப் பல பொருள் தரும். கோதா என்பதற்கு ‘நிலத்தால் தரப்பட்டவள்’ என உரைப்பார் உளர். திருத்துழாய் வனத்தில் பெரியாழ்வார் குழவியைக் கண்டெடுத்த வரலாற்றோடு அது இயைந்து தோன்றும். ஆயினும் இலக்கணம் அதற்கு இடந்தருவதன்று. தொகையின் இறுதியில் நிற்கும் தா என்பது தருபவள் என வினைமுதலையே உணர்த்தும். வரதா என்பது வரம் தருபவள் என்றே பொருள்படும். தரப்பட்டவள் என்பதற்குத் தத்தா என்னும் வடிவே வேண்டும். தேவதத்தா என்பது காண்க. எனவே கோதா என்பதற்கு ஆவைத் தருபவள், சொல்லைத் தருபவள் என்பன போன்ற பொருள்களே இலக்கண நெறிப்படி அமையும். இவற்றுள் மாலை என்னும் பொருளுக்கு இடமே இல்லை.

வடமொழி நிகண்டுகளில் கோதா என்பது கோதாவரி ஆற்றின் பெயர். இப்பெயரொற்றுமையை வேதாந்த தேசிகர் நன்கு அறிந்திருந்தார். 29 சுலோகங்களையுடைய தம் கோதாஸ்துதியில், கோதாவரி உலகைத் தூய்மை செய்வது இவ்வன்னையின் பெயரைத் தாங்கியதனாலேயே என்னும் கருத்தை அமைத்தார். ஆற்றினால் பெண்ணுக்குப் பெயர் வந்தது என்னாது, பெண்ணின் பெயரால் ஆற்றுக்குச் சிறப்பு வந்தது என்றமை நோக்கத்தக்கது. இது புலவரின் நயமேயன்றிச் சொற்பிறப்பு முடிபன்று.

5. ஒலிவழியும் பொருள்வழியும்

இனி, கோதை கோதா ஆனவாறு காண்போம். தமிழில் இடைநிலைத் தகரம் மெலிந்து ஒலிக்கும்; ஆதலின் அது வடமொழியின் மூன்றாம் எழுத்தாக எழுதப்பட்டமை இயல்பே. ஆனால் மொழிமுதற் ககரம் அவ்வாறு மெலியாது. அதுவும் மூன்றாம் எழுத்தாக மாறியமைக்கு, கோ என்னும் வடசொல்லும் கோதாவரியின் பெயரும் ஈர்த்தமையே காரணம் எனக் கருதுகிறோம். ஒலியால் நெருங்கிய பழஞ்சொல் ஒன்று முன்னரே இருந்தமையின், தமிழ்ப்பெயர் அதன் வடிவை ஏற்றது. சேரர் தலைநகர் தமிழில் மாகோதை எனவும் வடமொழியில் மகோதயபுரம் எனவும் வழங்கியமை இதனோடு ஒப்பிடத்தக்கது.

கோதா என்னும் வடிவைப் பராசர பட்டர் அருளிய வடமொழித் தனியனிற் காண்கிறோம். அவர் இராமாநுசரின் மாணவராகிய கூரத்தாழ்வானின் மைந்தர். அவர்தம் அன்னையாரின் பெயரும் ஆண்டாள் என்பதே. அத்தனியனில் கோதா என்னும் பெயரோடு, தான் சூடிய மாலையால் இறைவனைப் பிணித்தவள் என்னும் கருத்தும் உடன் வருகிறது. ஒலி பெயர்ந்த வடிவிற்கு இல்லாத மாலைப்பொருள் அடைமொழியால் மீண்டும் சேர்க்கப்பட்டது.

இப்பொருள்வழிப் பெயர்வின் முதிர்ச்சியே ஆமுக்தமால்யதா. 1509 முதல் 1529 வரை ஆண்ட கிருஷ்ணதேவராயர் ஆறு ஆசுவாசங்களில் இயற்றிய தெலுங்குக் காவியம் அது. விஷ்ணுசித்தீயம் எனவும் பெயர்பெறும். ஆமுக்தம் அணியப்பட்டது, மால்யம் மாலை, தா தருபவள். முதலெழுத்தைக் குறிலாக்கி அமுக்தம் என்றால் விடப்படாதது எனப் பொருள் மாறிவிடும். சூடிக்கொடுத்தவள் என்னும் தமிழ்த்தொடரின் நேர்ப்பெயர்ப்பாகவே இப்பெயர் அமைந்துள்ளது. ஈண்டுத் தா என்பது இலக்கண நெறி வழுவாது நிற்றலும் காண்க.

மாலை சூடிக் கொடுத்த வரலாறு ஆண்டாளின் பாசுரங்களில் விரித்துரைக்கப்படவில்லை. தனியன்களும் குருபரம்பரை நூல்களுமே அதனைக் கூறுவன. மாலை எனப் பொருள்படும் பெயரே அவ்வரலாறு வளர்தற்குத் துணைநின்றிருக்கலாம் என ஐயுறலாம், துணிதல் ஆகாது. ஆயின், பெயருக்கும் வரலாற்றுக்கும் உள்ள இயைபு கோதை என்னும் தமிழ்ச்சொல்லில்தான் விளங்குகிறது என்பது தெளிவு.

6. முடிபு

மேற்கூறியவற்றால், கோதை தமிழ்ச்சொல் என்பதும், கோதா அதன் வடமொழி வடிவம் என்பதும், ஆமுக்தமால்யதா பொருள்வழியாக ஆக்கப்பட்ட பெயர் என்பதும் பெறப்படும். வடமொழி வடிவுடைமை ஒன்றே ஒரு பெயரின் பிறப்பை வடமொழிக்கு உரியதாக்காது. கோதா என்பதைப் பிழைவடிவம் எனத் தள்ளுதலும் முறையன்று. பட்டரும் தேசிகரும் ஆண்ட அவ்வடிவமும் பல நூற்றாண்டு வாழ்வுடையது. தமிழறியா மக்களிடையே கோதையைக் கொண்டு சேர்த்தது அதுவே.

ஆண்டாள் சூடிக் களைந்த மாலை இன்றும் சித்திரையில் மதுரையில் அழகருக்கும், பிரமோற்சவத்தில் திருமலைக்கும் திருவில்லிபுத்தூரிலிருந்தே செல்கிறது. கோதா என்னும் பெயரைத் தம் மகளுக்கு இடுவார் இராசபாளையத்தாராயினும் ஆந்திரராயினும், அவர் இடுவது இவ்வூர்த் தமிழ்ப்பெயரையே என்பது எம் துணிபு.